கோல் விழாத சனிக்கிழமை

வெர்னன் ஹார்கருக்குப் பதினெட்டு வயது நடந்துகொண்டிருந்தது. நகரத்துப் பெரிய கால்பந்து கிளப் ஒன்றில் இரண்டு வருடமாகப் பயிற்சி ஆட்டக்காரனாக இருந்தான். ஒரு நாள் காலையில் பயிற்சியாளர் அவனை அறைக்குக் கூப்பிட்டார். நல்ல மனிதர்தான். உட்காரச் சொல்லி, டீ வரவழைத்துக் கொடுத்து, அதற்குப் பிறகுதான் விஷயத்துக்கு வந்தார்.

"தம்பி, பயப்படாம மோதுற, தலையால நல்லா அடிக்கிற, எல்லாம் சரி. ஆனா திரும்ப மாட்டேங்கிறியே. உன்னைத் தாண்டி ஒருத்தன் போயிட்டான்னா, நீ திரும்பறதுக்குள்ள அவன் கோலும் போட்டுட்டு வீட்டுக்கும் போயிடுவான். நீ திரும்பறது அலமாரியத் திருப்பி வைக்கிற மாதிரி இருக்கு. இனி இங்க உனக்கு இடமில்ல."

வெர்ன் டீயைக் கடைசி வாய்வரை குடித்தான். கோப்பையை வைத்தான். நன்றி சொன்னான். பூட்ஸைப் பையில் போட்டுக்கொண்டு மத்தியான ரயிலில் சொந்த ஊரான ஸ்கெல்னஸுக்கு வந்துசேர்ந்தான். ரயில் நிலையத்திலிருந்து வீட்டுக்கு நடந்தபோது வடகடல் காற்று மீன் வாடையோடு முகத்தில் அடித்தது. அன்றைக்கு அந்த வாடைகூட அவனைப் பார்த்துச் சிரிப்பதுபோல்தான் இருந்தது.

அப்பா ஆல்பர்ட் துறைமுகத்தில் படகுகளிலிருந்து மீன் இறக்குகிறவர். மகன் பையோடு உள்ளே வந்ததைப் பார்த்ததும் எல்லாம் புரிந்துவிட்டது.

"சாப்பிட்டியா?"

"இல்லப்பா."

"சாப்பிட்டுப் படு. காலைல என்னோட வா. ஆள் குறையுது அங்க."

அப்படித்தான் ஒரு குளிர்காலம் முழுக்க வெர்ன் விடிவதற்கு முன் துறைமுகத்தில் ஹேடக் மீன் கூடைகளைத் தூக்கினான். சாயங்காலம் ஸ்கெல்னஸ் டவுன் கிளப்பில் பயிற்சிக்குப் போனான். நான்காம் டிவிஷனில், அதிலும் வால்பக்கத்தில் கிடக்கிற கிளப் அது. அதன் மேனேஜர் வில்ஃப் கிரிம்ஷா ஒரு குட்டை மனிதர். மழை பெய்தாலும் வெயில் அடித்தாலும் ஒரே பழுப்பு ஓவர்கோட். அலமாரிக் கதை அவர் காதுக்கும் வந்திருந்தது.

"திரும்ப வராதாமே உனக்கு?"

"வராது பாஸ்."

"அப்ப திரும்பாத. எவனையும் தாண்ட விடாத. தாண்ட விட்டாத்தானே திரும்பணும்?"

வெர்ன் அதை அப்படியே எடுத்துக்கொண்டான். ஓட்டத்தில் தோற்கிறவன் முன்கூட்டியே கிளம்ப வேண்டும். எதிரியின் கண் எங்கே போகிறது, தோள் எந்தப் பக்கம் சாய்கிறது, பந்தை வாங்குவதற்கு முன் எத்தனை தரம் பின்னால் பார்க்கிறான் என்றெல்லாம் கவனிக்க ஆரம்பித்தான். பந்து வந்து சேரும் இடத்தில் அதற்கு முன்னாலேயே போய் நின்றான். பார்ப்பவர்களுக்கு அவன் ஒன்றுமே செய்யாததுபோல இருக்கும். எதிரணிக்காரன் மட்டும், எங்கே போனாலும் இந்தத் தடியன் எப்படி எனக்கு முன்னால் நிற்கிறான் என்று குழம்பிப்போவான்.

ஊர் ஜனங்களுக்கு இந்த நுணுக்கமெல்லாம் உடனே பிடிபடவில்லை. "அலமாரியை யாராவது நகர்த்துங்கப்பா" என்று மைதானத்தின் கூரையில்லாத பக்கத்திலிருந்து கத்துவார்கள். அந்தக் கூட்டத்தில் ஒரு பெண் குரல் தனியாகக் கேட்கும். கடல் பறவை மாதிரி, எந்தக் காற்றையும் கிழித்துக்கொண்டு வரும்.

"ஹார்கர், உனக்குச் சக்கரம் வெச்சுத் தரட்டுமா?"

ஒரு சனிக்கிழமை மாலை கடற்கரை நடனக் கூடத்தில் வெர்ன் ஓரமாக நின்றிருந்தான். பக்கத்தில் ஒரு பெண் தோழியிடம் ஏதோ சொல்லிச் சிரித்தாள். அந்தக் குரலைக் கேட்டதும் அவன் சட்டென்று நிமிர்ந்தான்.

"சக்கரம் நீதானே?"

அந்தப் பெண்ணின் முகம் சிவந்துபோனது. பெயர் டோரீன். மீன் துண்டு பொரித்துப் பெட்டியில் அடைக்கிற தொழிற்சாலையில் வேலை.

"நான் பொதுவா எல்லாரையும்தான் திட்டுவேன்" என்றாள்.

"இல்ல. என்னைத்தான் அதிகம்."

"நீதான் கண்ணுக்கு முன்னால நிக்கற. நகர மாட்டேங்கற."

"ஆடலாமா?"

"திரும்ப வருமா உனக்கு?"

இரண்டு வருடம் கழித்துக் கல்யாணம் நடந்தது. கல்யாணத்துக்குப் பிறகும் அவள் மைதானத்தில் அதே இடத்தில்தான் நின்றாள். அவனைத் திட்டுகிற உரிமை இனி தனக்கு மட்டும்தான் என்று அக்கம்பக்கத்தில் நின்றவர்களிடம் தெளிவாகச் சொல்லிவிட்டாள். அதற்குள் கூட்டத்தின் குரலும் மாறியிருந்தது. எதிரணிக்காரன் பந்தோடு வந்தால் "கதவைச் சாத்து, கதவைச் சாத்து" என்று பாடுவார்கள். வெர்ன் பந்தைப் பறித்தால், மைதானமே சேர்ந்து அலமாரிக் கதவு அறைகிற மாதிரி ஒரே ஒரு தரம் கை தட்டும். ஊருக்கு வந்த வெளியூர்க்காரர்களுக்கு அது என்னவென்றே புரியாது.

எழுபத்தைந்தாம் வருடம் ஏப்ரலில்தான் அந்தக் காரியம் நடந்தது. கடைசி ஆட்டம், சொந்த மைதானம், விடாத மழை. ஒரு டிரா கிடைத்தால் போதும், கடைசி இடங்களிலிருந்து தப்பித்துவிடலாம். கடைசி இடங்களில் நிற்கிற கிளப்புகள் மற்ற கிளப்புகளிடம் ஓட்டுக் கேட்டுத்தான் லீக்கில் ஒட்டிக்கொள்ள வேண்டும். ஓட்டு விழாவிட்டால் வெளியேதான். ஆட்டம் முடியப்போகிற நேரம், இரண்டு பக்கமும் சமம். வெர்னிடம் பந்து வந்தது. கோல்கீப்பர் மாரிஸ் டக்வர்த் வழக்கமாக நிற்கிற இடத்தை மனதில் வைத்து, பார்க்காமலே பந்தைப் பின்னால் தட்டினான். மாரிஸ் அங்கே இல்லை. பந்தை வாங்க அவன் பக்கவாட்டில் வெளியே வந்திருந்தான். சேற்றில் பந்து மெதுவாக, நின்றுவிடுமோ என்று எல்லாரும் நினைக்கிற அளவுக்கு மெதுவாக உருண்டு காலி கோலுக்குள் போனது.

சேம் சைடு கோல். மழைச் சத்தம் மட்டும் கேட்டது.

கிளப் ஓட்டில் பிழைத்தது. ஆனால் மயிரிழையில். அந்த வேனில் முழுக்க வெர்னுக்கு ஊரில் நடக்கவே முடியவில்லை. யாரும் சண்டைக்கு வரவில்லை. வந்திருந்தால் தேவலை. மதுக்கடையில் அவன் நுழைந்தால் பேச்சு நின்றுவிடும். ஒரு நாள் ஆல்பர்ட் துறைமுகத்திலிருந்து உதடு வீங்கி வந்தார்.

"என்னப்பா ஆச்சு?"

"கூடை இடிச்சிடுச்சு."

"எந்தக் கூடைப்பா?"

"உன் பேரச் சொன்ன கூடை" என்று சொல்லிவிட்டு, அவர் உருளைக்கிழங்கு வறுவல்மேல் வினிகரை ஊற்றிக்கொண்டார்.

அப்போதுதான் தெற்கே இருந்து ஒரு மூன்றாம் டிவிஷன் கிளப் வெர்னைக் கேட்டு ஆள் அனுப்பியது. வெயில் அடிக்கிற ஊர். டோரீன் அன்றைக்கே பெட்டிகளைக் கீழே இறக்கிவிட்டாள். தொழிற்சாலையில் அவள் கேட்டுக்கொண்டிருந்த பேச்சுகளை அவள் அவனிடம் சொல்லவே இல்லை. பெட்டியில் துணியை அடைக்கிற வேகத்தில் தெரிந்தது.

"நான் வரல, டோரீன்."

"என்னது?"

"அந்தக் கோல இங்க போட்டுட்டு நான் அங்க போய் நல்லா ஆடி என்ன ஆகப்போகுது? இங்கதானே அத அழிக்கணும்."

"அழிக்க அது என்ன சிலேட்டுல எழுதினதா? ஜனங்க சாகற வரைக்கும் சொல்லிக்கிட்டுத்தான் இருப்பாங்க."

"சொல்லட்டும். அதோட வேற ஏதாவதையும் சேர்த்துச் சொல்லட்டும்."

பல நாள் அந்த வீட்டில் தேவைக்கு மட்டுமே வார்த்தை நடமாடியது. பெட்டிகள் கூடத்திலேயே கிடந்தன. பிறகு ஒரு நாள் டோரீன் ரொட்டிக் கடையிலிருந்து திரும்பி வந்து, கோட்டைக்கூடக் கழற்றாமல், பெட்டியைத் திறந்து துணிகளை வெளியே எடுத்துப் போட ஆரம்பித்தாள்.

"என்ன ஆச்சு?" என்றான் வெர்ன்.

"ரொட்டிக் கடை எட்னா இருக்காள்ல, அத்தன பேர் முன்னால கேக்கறா, 'உங்க வீட்டுக்காரரு எந்தப் பக்கம் கோல்னு இப்பவாவது தெரிஞ்சுக்கிட்டாரா'ன்னு."

"நீ என்ன சொன்ன?"

"அடுத்த மூணு வருஷத்துல நாங்க மேல போவோம், அன்னைக்கு நீ தெருவுல நின்னு கை தட்டுவ பாருன்னு சொல்லிட்டேன். இப்ப ஊரை விட்டுப் போனா அவளுக்குப் பயந்து ஓடின மாதிரி ஆயிடும். இந்தச் சட்டைய மாட்டு."

"மூணு வருஷம்னா சொன்ன?"

"கோவத்துல வந்துடுச்சு. நீ பாத்துக்க."

அவன் பார்த்துக்கொண்டான். மறு வருடம் வில்ஃப் அவனைக் கேப்டனாக்கினார். சேம் சைடு கோல் போட்டவனைக் கேப்டனாக்குவதா என்று கிளப்பை நடத்துகிற கனவான்கள் முகம் சுளித்தார்கள். வில்ஃப் ஓவர்கோட் பைக்குள் கையை விட்டுக்கொண்டு, "இனிமே இந்த உலகத்துல ரொம்ப ஜாக்கிரதையா பந்தைப் பின்னால தட்டப்போற ஆளு அவன்தான்" என்றார். வெர்னும் மாரிஸும் பயிற்சி முடிந்த பிறகு தனியாக நின்று பழகினார்கள். மாரிஸ் எங்கே நகர்ந்தாலும் கத்துவான். வெர்ன் பார்க்காமலே பதில் கத்துவான். சண்டை போடுகிற கணவன் மனைவி மாதிரி இருக்கும்.

எழுபத்தெட்டு மே மாதம். பருவத்தின் கடைசி சனிக்கிழமை. மூன்றாம் டிவிஷனுக்கு மேலே போக ஒரே ஒரு இடம்தான் பாக்கி. அதற்கு இரண்டு பேர் போட்டி: ஸ்கெல்னஸ், ஹெக்டன் ராவர்ஸ். அன்றைக்கு ஆட்டமும் இந்த இரண்டு பேருக்குள்தான், ஹெக்டன் மைதானத்தில். டிரா செய்தால் ஸ்கெல்னஸ் மேலே போகும். ஹெக்டன் ஜெயித்தால் ஹெக்டன் போகும். துறைமுகத்தில் அன்று படகு கிளம்பவில்லை. பஸ் பஸ்ஸாக ஜனம் நிலக்கரி ஊரான ஹெக்டனுக்குக் கிளம்பியது.

ஆரம்பமே கோணலாகப் போனது. ஸ்கெல்னஸின் பக்கவாட்டு ஆட்டக்காரன் ஒருவனுக்குக் கணுக்கால் பிசகி, இருந்த ஒரே மாற்று ஆளையும் உள்ளே இறக்கியாயிற்று. அந்தக் காலத்தில் ஒரு ஆளைத்தான் மாற்றலாம். இடைவேளைக்குச் சற்று முன், ஹெக்டனின் ஸ்காட்லாந்துக்காரன் ரோரி மகில்லன் பந்தோடு தனியாக வந்தான். மாரிஸ் அவன் காலடியில் பாய்ந்து பந்தை அமுக்கிக்கொண்டான். பந்து நின்றது. மாரிஸ் எழவில்லை. தோள் எலும்பு உடைந்திருந்தது.

ஸ்ட்ரெச்சரில் தூக்கும்போது மாரிஸ் வெர்னின் சட்டையைப் பிடித்து இழுத்தான்.

"டேய், பந்து உள்ள போச்சா?"

"போகல. நீ பேசாம படு."

பத்துப் பேர். கோல்கீப்பர் இல்லை. கோட்டோரத்தில் வில்ஃப் மாரிஸின் பச்சை ஜெர்ஸியைக் கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். ஒவ்வொருவனும் வேறு எங்கோ பார்த்தான். வெர்ன் கையை நீட்டினான்.

"குடுங்க பாஸ்."

"உன்னைக் கோல்ல நிறுத்திட்டா, பின்னால தடுக்க யாருடா இருக்கா?"

"நானேதான். இன்னும் கொஞ்சம் பின்னால நிக்கறேன், அவ்வளவுதான்."

ஜெர்ஸி அவனுக்குப் போதவில்லை. வயிறு தெரிந்தது. ஹெக்டன் ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. முதலில் வந்த உயரப் பந்தைக் கண்டதும் பழக்கதோஷத்தில் அவன் எகிறித் தலையால் அடித்துத் தூர அனுப்பினான். கோல்கீப்பர் கோலுக்கு முன்னால் ஹெட் அடித்ததைப் பார்த்து நடுவரே வாயைப் பொத்திக்கொண்டார்.

"கை இருக்குடா உனக்கு, கை" என்று வில்ஃப் அலறினார்.

இடைவேளையில் வெர்ன் ஆரஞ்சுச் சுளையைக் கடித்தபடி தன் தடுப்பாட்டக்காரர்களிடம் மட்டும் சொன்னான்: "எனக்குப் பந்து பிடிக்கத் தெரியாது. அதனால எங்கிட்ட வர விடாதீங்க. நான் எங்க நிக்கச் சொல்றேனோ அங்க நில்லுங்க. அங்க பந்து வரும்."

வந்தது. இரண்டாம் பாதி முழுக்க ஹெக்டன் அலை அலையாக வந்தது. வெர்ன் கோலுக்கு முன்னால் நின்று பெயர் சொல்லிப் பெயர் சொல்லிக் கத்தினான். இடது, இன்னும் இடது, அவனை விடு, இவனைப் பிடி. பந்து ஒரு தரம் மேல் கம்பத்தில் பட்டுத் திரும்பியது. ஒரு தரம் வெர்னின் முகத்தில் பட்டுத் திரும்பியது. மூக்கிலிருந்து வழிந்த ரத்தத்தைப் பச்சை ஜெர்ஸியில் துடைத்துக்கொண்டான். முகத்தில் வாங்கியது தெரிந்து வாங்கியதா என்று பிறகு பலர் கேட்டார்கள். பந்து வரும் இடத்தில் தன் முகம் இருந்தது, அவ்வளவுதான் தெரியும் என்றான். ஸ்கெல்னஸ் ஜனம் தொண்டை கட்டிப்போய்ப் பாடிக்கொண்டிருந்தது, கதவைச் சாத்து, கதவைச் சாத்து என்று. அதற்கு மேலே, காற்றைக் கிழித்துக்கொண்டு, டோரீனின் குரல்.

நடுவர் கடிகாரத்தைப் பார்க்க ஆரம்பித்த நேரம். ஸ்கெல்னஸ் ஆள் ஒருவன் சேற்றில் வழுக்கினான். மகில்லன் பந்தோடு தனியாகக் கிளம்பினான். அவனுக்கும் கோலுக்கும் நடுவே பச்சை ஜெர்ஸி மட்டும். கோல்கீப்பராக இருந்தால் கோட்டிலேயே நின்று பாய்ந்திருப்பான். வெர்ன் வாழ்நாளெல்லாம் செய்ததைச் செய்தான். மகில்லனின் தோளைப் பார்த்தான். இடப்பக்கம் சாயப்போகிறது என்று தெரிந்தது. மகில்லன் அடுத்த தட்டுத் தட்டுவதற்கு முன்பே வெர்ன் கிளம்பிவிட்டான். கையால் தொடக்கூடிய கட்டத்தை விட்டு வெளியே ஓடி, மண்ணில் சறுக்கி, பந்தை மட்டும், சுத்தமாக, காலால் கொத்தி எடுத்துக் கோட்டுக்கு வெளியே தள்ளினான். மகில்லன் அவன்மேல் தடுக்கி விழுந்தான். மைதானம் முழுக்க நடுவரைப் பார்த்தது. நடுவர் தப்பில்லை, வெளிப்பந்து என்று கையைக் காட்டினார்.

மகில்லன் மண்ணில் கிடந்தபடியே கேட்டான்: "யோவ், நீ கோல்கீப்பரா இல்ல என்னதான்யா நீ?"

"அலமாரி" என்றான் வெர்ன். அவனுக்குக் கை கொடுத்து எழுப்பினான்.

வெளிப்பந்து எறிந்த கையோடு விசில் ஊதியது. சைபருக்குச் சைபர். யாரும் கோல் போடாத ஒரு ஆட்டத்துக்கு அவ்வளவு பெரிய சத்தம் அந்த வட்டாரத்தில் கேட்டதில்லை. வேலியைத் தாண்டி மீன்பிடிக்கிறவர்களும் தொழிற்சாலைப் பெண்களும் உள்ளே பாய்ந்தார்கள். ஆல்பர்ட் தன் வயதை மறந்து ஓடி வந்தார். பக்கத்தில் வந்ததும் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றுவிட்டார். மகனின் மூக்கைப் பார்த்தார்.

"கூடை இடிச்சிடுச்சா?"

வெர்னுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. "நல்லா நின்ன" என்று சொல்லி அப்பா அவன் தோளில் கை வைத்தார். முன்பின் அவர் அப்படிச் செய்ததில்லை.

திரும்புகிற வழியில் அணியின் பஸ் ஹெக்டன் ஆஸ்பத்திரி வாசலில் நின்றது. சேறு அப்பிய பத்துப் பேர் வார்டுக்குள் வரிசையாக நுழைவதைப் பார்த்துத் தலைமை நர்ஸ் இரண்டு கையையும் விரித்து மறித்தாள். வில்ஃப் தொப்பியைக் கழற்றிக் கெஞ்சினார். கடைசியில் அவள், "மூணு நிமிஷம், சத்தம் கூடாது" என்றாள். கட்டுப்போட்டுப் படுத்திருந்த மாரிஸ் வெர்னை, அவன் வயிற்றை, அந்த ஜெர்ஸியை ஏற இறங்கப் பார்த்தான்.

"நீயா நின்ன?"

"நான்தான்."

"எத்தனை வாங்கின? மறைக்காம சொல்லு."

"ஒண்ணும் வாங்கல."

"பொய் சொல்லாத. நீ எப்படிப் பிடிச்ச?"

"பிடிக்கல. ஒண்ணே ஒண்ணுதான் பிடிச்சேன். அதுவும் நேரா கைல வந்து விழுந்துடுச்சு."

மாரிஸ் சிரித்தான். சிரித்தால் தோள் வலித்தது. வலியில் கத்தினான், அதற்கும் சிரித்தான். பக்கத்துப் படுக்கைகளில் இருந்தவர்கள் எல்லாம் ஹெக்டன்காரர்கள். சுரங்கத்தில் கால் நசுங்கிப் படுத்திருந்த ஒரு கிழவர் ரேடியோவில் முழு ஆட்டத்தையும் கேட்டிருக்கிறார். அவர் மெல்லக் கை தட்டினார். பிறகு வார்டு முழுக்கத் தட்டியது. தலைமை நர்ஸ் சத்தம் போடாதீர்கள் என்று சொல்லவே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை ஊர்வலம். மேல்மாடி திறந்த பஸ் ஸ்கெல்னஸில் எங்கே இருக்கிறது? மீன் வியாபாரி ஒருவர் தன் லாரியைக் கழுவிக் கொடுத்தார்; எவ்வளவு கழுவியும் ஹேடக் வாடை போகவில்லை. அதன்மேல் அணி நின்றது. மைதானத் தெருவிலிருந்து துறைமுகம்வரை ஜனம். படகுகள் எல்லாம் ஒரே நேரத்தில் சங்கு ஊதின. ரொட்டிக் கடை வாசலில் எட்னா நின்று, கை வலிக்க வலிக்கத் தட்டிக்கொண்டிருந்தாள். லாரியில் வெர்ன் பக்கத்தில் நின்ற டோரீன் குனிந்து அவளைப் பார்த்தாள்.

"எட்னா, மூணு வருஷம் ஆச்சா?"

"ஆச்சு கண்ணு, ஆச்சு. நாளைக்கு வா, ரொட்டி என் செலவு."

வெர்ன் அதற்குப் பிறகும் எட்டு வருடம் ஸ்கெல்னஸுக்கு ஆடினான். கிளப் திரும்பக் கீழே இறங்கவே இல்லை. அவன் மொத்தமாகப் போட்ட கோல்களை ஒரு கையில் எண்ணிவிடலாம். அதில் ஒன்று தப்பான பக்கம் போட்டது. அவன் போட விடாத கோல்களுக்கு எவரிடமும் கணக்கில்லை. முப்பத்தாறாவது வயதில், முழங்கால் இரண்டும் போய்விட்டன என்று டாக்டர் சொன்னதும், அந்தப் பருவத்தோடு நிறுத்திக்கொள்வதாக அறிவித்தான். கடைசி ஆட்டத்துக்கு அடுத்த திங்கட்கிழமையிலிருந்து ஊரில் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிற வேலை தயாராக இருந்தது.

கடைசி ஆட்டம் சொந்த மைதானத்தில், நல்ல வெயிலில் நடந்தது. வந்த அணியின் முன்வரிசை ஆட்டக்காரன் இருபது வயதுப் பையன், முயல் மாதிரி ஓடுவான். வெர்ன் அவனை ஒரு தரம்கூடத் தாண்ட விடவில்லை. விசில் ஊதியதும் இரண்டு ஊர் ஜனமும் எழுந்து நின்றது. என்ன செய்வதென்று தெரியாமல் வெர்ன் அவர்களுக்கே திருப்பிக் கை தட்டினான். அந்தப் பையன் தயங்கித் தயங்கிப் பக்கத்தில் வந்தான்.

"சார், ஒண்ணு சொன்னா தப்பா எடுத்துக்க மாட்டீங்களே?"

"சொல்லு தம்பி."

"நீங்க இனிமே ஆட மாட்டீங்கன்னு எங்க மேனேஜர் காலைல சொன்னாரு. எங்க பஸ்ஸுல எல்லாரும் சந்தோஷத்துல கத்திட்டோம்."

வெர்ன் அவன் கையைப் பிடித்து நெடுநேரம் குலுக்கினான். உடை மாற்றும் அறைக்குப் போகும் வழியில், வேலியோரம் காத்திருந்த டோரீனிடம் அதை அப்படியே சொன்னான். அன்று முழுக்க அவனுக்குக் கிடைத்த பரிசுகளில் வீட்டுக்குப் போயும் அவன் இன்னொரு தரம் சொன்னது அது ஒன்றைத்தான்.